இடிப்பதற்கு முன் நூல் பிடியுங்கள்

கேள்வி: திருமயம் பக்கத்து மறுவாழ்வு முகாமில் வளர்ந்தவன் நான். 1990-இல் யாழ்ப்பாணத்து மயிலிட்டிப் பக்கத்திலிருந்து கைக்குழந்தையாக இருந்த என்னைத் தூக்கிக்கொண்டு அம்மா படகில் வந்தார். பதினெட்டு வருடமாகக் காரைக்குடி, கானாடுகாத்தான், பள்ளத்தூரில் பழைய வீடுகளுக்குச் சுண்ணாம்புப் பூச்சு வேலை செய்கிறேன். எங்கள் காணி இப்போது ராணுவத்திடமிருந்து விடுபட்டிருக்கிறது. எங்கள் குறிச்சியில் 23 குடும்பம். 11 குடும்பம் அங்கேயே வாடகைக்கும் உறவினர் வீட்டிலும் இருக்கிறார்கள், 7 குடும்பம் இங்கே, 5 குடும்பம் கனடாவிலும் லண்டனிலும். எங்கள் வீட்டில் மூன்று சுவரும் கிணறும் மிச்சம். பிள்ளையார் கோயிலில் கருவறை மட்டும் நிற்கிறது. வெளிநாட்டில் இருப்பவர்கள், எல்லாவற்றையும் தரைமட்டமாக்கிவிட்டுக் கோயிலை முதலில் கட்டு, பணம் அனுப்புகிறோம் என்கிறார்கள். அங்கிருப்பவர்கள் வீடுதான் முதலில் என்கிறார்கள். செட்டிநாட்டு வேலையை என் ஊரில் செய்து காட்ட வேண்டும் என்று எனக்கு ஆசை. அம்மாவோ ஊர்ப்பேச்சு எடுத்தாலே எழுந்து போய்விடுகிறார். எங்கே தொடங்குவது?
– சுண்ணாம்புக் கொத்தனார், வயது 36

பதில்: அன்புள்ள கொத்தனாருக்கு,

கோயிலா வீடா என்பதற்கு விடை உண்டு, பின்னால் வருகிறேன். அதைவிட அவசரம், 'தரைமட்டமாக்கு' என்று வந்திருக்கும் அந்தச் சொல். அதற்கு மட்டும் இன்றைக்கே முடியாது என்று சொல்லிவிடுங்கள்.

இதைப் பழைய வீட்டின் மேலுள்ள பாசத்தில் சொல்லவில்லை, காணிக்காகச் சொல்கிறேன். ராணுவத்தின் உயர் பாதுகாப்பு வலயமாக இருந்த உங்கள் வலிகாமம் வடக்கில் பல வீடுகள் புல்டோசரால் தள்ளப்பட்டு அடையாளமே இல்லாமல் போயின. மயிலிட்டித் துறைமுகமே 2017 ஜூலையில்தான் விடுபட்டது. இத்தனை வருடத்தில் கதியால் என்று நட்ட உயிர்வேலி பட்டுப்போயிருக்கும், ஒழுங்கை என்கிற சந்து புதராகியிருக்கும், எல்லைப் பனை விழுந்திருக்கும். கிணறும் அத்திவாரமும்தான் இடம் மாறாமல் இருப்பவை. காணி உறுதிப் பத்திரத்தில் எழுதியிருக்கும் எல்லையும் கிணற்றுப் பங்கும் வழி வாய்க்கால் உரிமையும் நிலத்தில் எங்கே என்று காட்டப்போவது இந்த இரண்டும்தான். ஜேசிபி ஒரு நாள் ஓடினால் 23 குடும்பத்தின் சாட்சியும் அதோடு போய்விடும். பிறகு ஒரு முழ எல்லைக்காக உடன்பிறந்தவர்களே வழக்காடுவார்கள். போர் முடிந்த ஊர்களில் இரண்டாவது முறை உறவு முறிவது பெரும்பாலும் இப்படித்தான்.

1945 பிப்ரவரியில் குண்டுவீச்சில் விழுந்த ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரத்துத் தேவாலயம் நாற்பத்தைந்து வருடம் கற்குவியலாகவே கிடந்தது. பிறகு குவியலைக் கல் கல்லாகப் பிரித்து, எந்தக் கல் எங்கே விழுந்திருந்தது என்று அளந்து, எண் போட்டு அடுக்கினார்கள். 1994-இல் தொடங்கி 2005-இல் முடித்தார்கள். தீயில் கறுத்த பழைய கல்லும் வெளிர்நிறப் புதுக் கல்லும் சுவரில் பக்கத்துப் பக்கத்தில் தெரியும். உங்கள் ஊருக்கு அந்த அளவு செலவு தேவையில்லை. ஒரு 30 மீட்டர் நாடா, தூக்குக்குண்டு, நூல், கட்டமிட்ட நோட்டு, கைபேசி கேமரா போதும்.

ஆனால் அளக்கப் போவதற்கு முன் கண்ணிவெடி. உங்கள் காணி இலக்கத்துக்கு அகற்றல் வேலை முடிந்ததா என்று பிரதேச செயலகத்தில் எழுத்தில் கேட்டு வாங்குங்கள், வாய்வார்த்தை போதாது. முடிந்தது என்று தாள் கிடைத்த காணியிலும் புதருக்குத் தீ வைக்காதீர்கள். திரும்பி வருபவர்கள் முதல் நாளே செய்கிற தவறு இது: மண்ணுக்குள் மிஞ்சிக் கிடக்கும் எறிகணை சூட்டில் வெடிக்கும். கையால் வெட்டுங்கள். தோண்டும்போது உலோகம் தட்டினால் மண்வெட்டியை அப்படியே விட்டு, வந்த காலடித் தடத்திலேயே பின்னால் நடந்து, தூரத்தில் குச்சி நட்டு, கிராம அலுவலருக்கும் பொலிஸுக்கும் சொல்லுங்கள்.

எலும்பு தெரிந்தாலும் வேலையை நிறுத்த வேண்டும். ஒதுக்கி வைத்துவிட்டுத் தொடரக் கூடாது. யாழ்ப்பாணத்துச் செம்மணி சித்துப்பாத்தி மயானத்தில் 2025 பிப்ரவரியில் கட்டுமானத்துக்குத் தோண்டியபோதுதான் எலும்புகள் வெளிப்பட்டன. அதன்பிறகே நீதிமன்றக் கண்காணிப்பில் அகழ்வு நடந்தது. ஒரு எலும்பு இடம் மாறினால், காணாமல் போன மகனைத் தேடும் ஒரு தாய்க்குக் கிடைக்கக்கூடிய ஒரே பதிலும் மாறிப்போகும். சித்தாள்களுக்கும் இதை முதல் நாளே சொல்லி வையுங்கள்.

இனி ஊர்ப்படம். இதை இங்கேயே, முகாமிலிருந்தே தொடங்கலாம். பெரிய சார்ட் தாளை விரித்து, கோயிலையும் கடலையும் நீங்கள் போட்டுவிட்டு மற்றதை மூத்தவர்களிடம் விடுங்கள். ஆண்களுக்கு ஒன்று, பெண்களுக்கு ஒன்று, தொழிலுக்குப் போனவர்களுக்கு ஒன்று என்று தனித்தனித் தாள் கொடுக்க வேண்டும். ஆண்கள் எல்லையும் மீன்வாடியும் போடுவார்கள். எந்தக் கிணறு உவர், எந்த வேலியில் ஆள் நுழையும் கடவை இருந்தது, யார் வீட்டு வேம்படியில் பிள்ளைகள் கூடுவார்கள் என்பதைப் பெண்கள்தான் போடுவார்கள். மூன்றையும் படமெடுத்து அங்கிருக்கும் 11 குடும்பத்துக்கும் வெளிநாட்டுக்கும் அனுப்புங்கள். முரண்பாடு வரும். அழிக்காமல் வேறு நிற மையில் குறித்துக்கொள்ளுங்கள். நில அளவையாளர் வருகிற நாளில் இந்தத் தாள்தான் அவருக்கு முதல் ஆவணம். ஒவ்வொரு வீட்டுக்கும் 1990-இல் யார் யார் இருந்தார்கள், இப்போது யார் இல்லை என்பதும் அதிலேயே வரும். யாரும் இரங்கல் கூட்டம் என்று பெயர் வைக்காமலே அழ வேண்டியவர்கள் அங்கே அழுவார்கள்.

கட்டட வேலையில் முதலாவது கிணறு. யாழ்ப்பாணத்தில் வருடம் முழுக்க ஓடும் ஆறில்லை, சுண்ணக்கல்லுக்குள் நிற்கும் மழைநீர்தான் எல்லாம். கைவிட்ட கிணற்றுக்குள் வெடிபொருளும் எலும்பும் கிடக்கலாம் என்பதால், பார்த்துச் சொல்ல அகற்றல் குழுவைத்தான் முதலில் அழைக்க வேண்டும். டீசல் பம்பைக் கிணற்றுக்குள் இறக்கவே கூடாது, அதன் புகை ஆளைக் கொன்றுவிடும். ஒரே மூச்சில் வற்ற இறைத்தால் பழைய கட்டுச் சுவர் உள்ளே சரியும், கடலோரமானதால் அடியிலிருந்து உவர்நீரும் ஏறும். ஒரு நாளைக்கு மூன்றில் ஒரு பங்குதான் இறைக்கலாம்.

தூர் எடுத்து நீர் ஊறியபின் குளோரின் போடும் கணக்கு: விட்டத்தை விட்டத்தால் பெருக்கி, அதை 0.785-ஆலும் நீரின் ஆழத்தாலும் பெருக்குங்கள். 3 மீட்டர் விட்டம், 2 மீட்டர் நீர் என்றால் 14 கன மீட்டர், அதாவது 14,000 லிட்டர். லிட்டருக்கு 50 மில்லிகிராம் வீதம், 30 சதவீத பிளீச்சிங் பவுடர் சுமார் 2.4 கிலோ ஆகும். வாளியில் கரைத்துத் தெளியவிட்டு, மேல்நீரை மட்டும் கிணற்றைச் சுற்றி ஊற்றி, ஓர் இரவு விட்டு, வாடை போகும்வரை இறைக்க வேண்டும். கடையில் நாள்பட்டுக் கிடந்த பவுடரில் பாதி வீரியம் கூட இருக்காது, புதிய பொட்டலம் பாருங்கள். குடிக்கும் முன் கிருமிக்கும் நைத்திரேற்றுக்கும் சோதனை கொடுங்கள். கழிவறைக் குழி கிணற்றிலிருந்து 100 அடிக்குக் குறையக் கூடாது, அடியும் பூசி மூடிய தொட்டியாக இருக்க வேண்டும். சுண்ணக்கல் வெடிப்பு வழியே அழுக்கு நேராகக் கிணற்றுக்கு ஓடும், மணல் நிலத்தைப் போல வடிகட்டித் தராது.

இப்போது உங்கள் மூன்று சுவர். உங்களுக்குப் பழக்கமான செட்டிநாட்டுச் சுவர் செங்கல். அங்கே பெரும்பாலும் சுண்ணக்கல், சுண்ணாம்புச் சாந்து. அதனால் முதல் கேள்வி: அந்த வீடு எரிந்ததா? சுண்ணக்கல் கடுமையாக எரிந்தால் காளவாயில் நடப்பதுதான் சுவரிலும் நடக்கும். கல்லின் மேல்தோல் சுட்ட சுண்ணாம்பாகி, அடுத்த மழையில் நீற்றுப்போய்ப் பொடியும். சிறு சுத்தியலால் ஓரடிக்கு ஓரடி தட்டிப் பாருங்கள். 'டங்' என்றால் கல், 'தொப்' என்றால் உள்ளே பொள்ளல். பொள்ளல் உள்ள இடத்தைச் சாக்கட்டியால் வட்டமிட்டுப் படமெடுங்கள். எறிகணை பட்ட ஓட்டையில் கண்ணுக்குத் தெரிகிற ஓட்டை மட்டும் சேதம் அல்ல. சுற்றிலும் நட்சத்திரம் போல வெடிப்பு ஓடியிருக்கும், திடமான கல் வரும்வரை பிரித்துத்தான் திரும்பக் கட்ட வேண்டும்.

பிறகு தூக்குக்குண்டு. 18 அங்குலச் சுவரில் தலைமட்டம் அடிமட்டத்திலிருந்து 3 அங்குலத்துக்கு மேல் விலகியிருந்தால் முட்டு கொடுத்துவிட்டுப் பொறியாளரை அழையுங்கள். சுவருக்குள் ஆலோ அரசோ வேரோடியிருந்தால் பிடுங்காதீர்கள். முப்பது வருடமாக அந்தச் சுவரைக் கட்டிப் பிடித்திருப்பதே அந்த வேராக இருக்கலாம். தண்டை அறுத்து, வேர் காய்ந்த பிறகு சாண் சாணாக எடுத்து, எடுத்த அன்றே கல் சக்கையும் சுண்ணாம்பும் வைத்து அடைக்க வேண்டும்.

வெடிப்பு இன்னும் நகர்கிறதா, நின்றுவிட்டதா என்று அறிய மெல்லிய கண்ணாடித் துண்டு ஒன்று போதும். வெடிப்பின் இருபக்கமும் பூச்சைச் சுரண்டிக் கல்லைக் காட்டி, குறுக்காகக் கண்ணாடியை வைத்து இரு முனையிலும் சாந்தால் ஒட்டி, தேதி எழுதிவிடுங்கள். ஒரு மாரி முடியும்வரை கண்ணாடி முழுசாக இருந்தால் அந்த வெடிப்பு பழையது, அடைக்கலாம். கண்ணாடி விரிசல் விட்டிருந்தால் அத்திவாரம் இன்னும் இறங்குகிறது என்று பொருள்.

சிமெண்ட் பூச்சு எவ்வளவு மலிவாகக் கிடைத்தாலும் அந்தச் சுவருக்கு வேண்டாம் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் செட்டிநாட்டு மெருகுப் பூச்சும் முதல் வருடம் வேண்டாம். உங்கள் ஆசைக்கு இது குறுக்கே நிற்கும், தெரியும். கூரையில்லாமல் கடற்காற்றில் நின்ற சுவருக்குள் உப்பு நிறைந்திருக்கும். முட்டை வெள்ளைக்கரு மெருகு துளையை அடைத்துவிட்டால் உப்பு பின்னாலேயே படிகமாகி இரண்டாம் மழைக்குள் பாளம் பாளமாகத் தள்ளிவிடும். முதலில் பலிப்பூச்சு ஒன்று போடுங்கள்: நீற்றிய சுண்ணாம்புக் களி ஒரு பங்கு, கழுவிய கரடுமணல் மூன்று பங்கு, அரை அங்குலக் கனம், தேய்க்காமல் சொரசொரப்பாக. உப்பை அது குடித்துக்கொள்ளும். அடுத்த வருடம் அதைச் சுரண்டி எறிந்துவிட்டு உண்மையான பூச்சைத் தொடங்கலாம். கடுக்காய்த் தண்ணீர் இரண்டு வாரம் ஊறியது போதும். கூடுதலாகக் கலந்தால் சாந்து இறுகத் தாமதமாகும். மணலை நாக்கில் வைத்துப் பாருங்கள், கரித்தால் மூன்று தண்ணீர் கழுவ வேண்டும். விழுந்து கிடக்கும் கல்லையே திரும்ப எடுங்கள். சுண்ணாம்புச் சாந்து கத்தியால் சுரண்டினாலே விட்டுவிடும், சிமெண்டில் கட்டியிருந்தால் கல்லே உடையும். கடலிலிருந்து முருகைக்கல் எடுப்பது சட்டப்படி தடை. உடைந்த அஸ்பெஸ்டாஸ் தகடு கிடந்தால் தண்ணீர் தெளித்து, உடைக்காமல், தார்ப்பாயில் சுற்றிப் பிரதேச சபையிடம் சேருங்கள். பிள்ளைகளை அன்று பக்கத்தில் விட வேண்டாம்.

காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் தூணும் நிலைக்கதவும் வாங்கிக் கப்பலேற்றலாம் என்ற யோசனை வந்தால் விட்டுவிடுங்கள். இங்கே ஒரு வீடு பிரிந்ததால் வந்த மரம் அது. உங்கள் வீட்டு நிலை எந்த மரம் என்று அம்மாவுக்கோ அயலாருக்கோ நினைவிருக்கும்.

கோயில் விஷயம். ஆகமத்திலேயே வழி இருக்கிறது: பாலாலயம். திருப்பணி முடியும்வரை சுவாமியைச் சிறிய தற்காலிக இடத்தில் எழுந்தருளப் பண்ணி விளக்கு எரிய வைப்பது. கருவறை நிற்பதால் உங்கள் குருக்களிடம் முறை கேட்டு, பக்கத்தில் ஓலைக் கொட்டகை ஒன்று போடுங்கள். நாலு பனங்கம்பும் கிடுகும் போதும். மாலையில் விளக்கு வைக்க ஆள் வருவார்கள், ஊர்ப்பக்கம் இருக்கும் 11 குடும்பமும் அங்கே சந்திக்கும், கூட்டமும் அங்கேயே நடக்கும். வெளிநாட்டில் இருப்பவர்களுக்குக் கோயில் தொடங்கியாயிற்று. ஊரில் இருப்பவர்களுக்கு வீட்டுப் பணம் கோபுரத்துக்குப் போகவில்லை.

பணத்துக்கு நீங்கள் பதினெட்டு வருடமாகப் பக்கத்தில் இருந்து பார்த்த முறையே சரி: புள்ளி. செட்டிநாட்டு நகரத்தாரின் ஒன்பது கோயில்களிலும் திருமணமான ஒவ்வொரு குடும்பமும் ஒரு புள்ளி, புள்ளிக்கு இவ்வளவு வரி. 1941 டிசம்பர் 23-இல் ரங்கூனில் குண்டு விழுந்து, பர்மாவில் இருந்த வரவுசெலவு அடுத்தடுத்துக் கைவிட்டுப் போனபின்னும் புள்ளிக் கணக்கு நின்றுவிடவில்லை. உங்கள் 23 குடும்பமும் 23 புள்ளி. தொகையை அங்கே கூலிக்குப் போகிறவர் கொடுக்கக்கூடிய அளவுக்கு வையுங்கள். காசில்லாதவருக்கு நாட்கூலி வேலை புள்ளியாகக் கழியட்டும். டொரண்டோவிலிருந்து வரும் பெருந்தொகையை வாங்குங்கள், வேண்டாம் என்று சொல்ல வேண்டாம். ஆனால் அது புள்ளிக்கு மேல் நன்கொடை என்று தனிப் பக்கத்தில் வரட்டும், முடிவெடுக்கும் உரிமை புள்ளிக்கு ஒன்றுதான். பளிங்குக் கல்லில் கொடையாளர் பெயர் வரிசையாக ஏறிய நாளிலேயே பெயர் இல்லாதவர்கள் கோயிலுக்கு வருவதை நிறுத்திக்கொள்வார்கள்.

வீட்டுக்கு ஒரு எச்சரிக்கை. இந்திய வீட்டுத் திட்டத்தில் வடக்கிலும் கிழக்கிலும் குடும்பத்துக்கு 5,50,000 இலங்கை ரூபாய் கட்டம் கட்டமாகக் கொடுத்தார்கள், வீட்டுக்காரரே கட்டிக்கொள்ளும் முறையில். பலர் அந்தத் தொகைக்கு மேல் பெரிய வீட்டுக்கு அத்திவாரம் போட்டு, லிண்டல் மட்டத்தில் நின்று, நகை அடகு வைத்து, நுண்கடன் வாங்கிச் சிக்கிக்கொண்டார்கள். நடுமுற்றம் வைத்த பழைய நாற்சார் வீட்டின் அளவையே இப்போதும் கட்ட வேண்டும் என்ற ஆசை நியாயமானது, ஆனால் ஒரு அறை, ஒரு விறாந்தை, ஒரு அடுப்படியோடு முதல் வருடம் நிறுத்துங்கள். பழைய அத்திவாரத்தின் மேல் ஒரு மூலையில் தொடங்கினால் மற்றதைப் பிறகு சேர்க்கலாம்.

காணியில் ஒரு சிக்கல் பெண்களுக்கு வரும். யாழ்ப்பாணத் தமிழரின் வழக்குச் சட்டமான தேசவழமைப்படி மனைவி பெயரில் உள்ள சீதனக் காணியைக் கைமாற்றக் கணவனின் எழுத்துச் சம்மதம் வேண்டும். கணவன் காணாமல் போயிருந்தால் அவள் என்ன செய்வாள்? 'செத்துவிட்டான்' என்று மரணச் சான்றிதழ் வாங்க மனம் வராத குடும்பங்களுக்காகவே 2016 சட்டத் திருத்தத்தில் ஆள் காணாமல் போனதற்கான தனிச் சான்றிதழ் வந்தது. எந்தச் சான்றிதழ் என்று அந்தக் குடும்பம்தான் முடிவு செய்ய வேண்டும். வேலை வேகமாக நடக்கட்டும் என்று யாரும் அவசரப்படுத்த விடாதீர்கள். உங்கள் பக்கம், இந்தியாவில் பிறந்த பிள்ளைகள் இருந்தால் சென்னையில் உள்ள இலங்கைத் துணைத் தூதரகத்தில் பிறப்பையும் குடியுரிமையையும் பதிந்துவிட்டுக் கிளம்புங்கள். அங்கே போனபின் இதைச் சரிசெய்வது பெரும்பாடு.

அம்மா. யாழ்ப்பாணத்தில் நெடுங்காலம் பணிபுரிந்த மனநல மருத்துவர் பேராசிரியர் தயா சோமசுந்தரம், போரின் காயத்தைத் தனி ஆளுக்கு வந்த நோயாக மட்டும் பார்க்காமல் குடும்பத்துக்கும் ஊருக்கும் சேர்ந்து விழுந்த கூட்டு மனவடுவாகப் பார்த்தார். உங்கள் அம்மா எழுந்து போவதைப் பிடிவாதம் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். உட்காரவைத்து 'அன்றைக்கு என்ன நடந்தது, சொல்லுங்கள்' என்று கேட்பது உதவாது. கட்டாயப்படுத்தி ஒரே அமர்வில் பேசவைப்பதை உலக சுகாதார நிறுவனமே வேண்டாம் என்கிறது. ஊர்ப்படத் தாளை வீட்டில் விரித்தபடி விட்டுவிட்டு வேலைக்குப் போங்கள். ஒரு நாள் வந்து பார்க்கும்போது அதில் ஒரு கோடு கூடுதலாக இருக்கலாம், இல்லாமலும் போகலாம். கேட்பதானால் கைவேலைக் கேள்வி கேளுங்கள்: அடுப்படி எந்தப் பக்கம் பார்த்திருந்தது, அம்மி எங்கே கிடந்தது. முதல் பயணத்தில் அவரைக் கூட்டிப் போகாதீர்கள். போகும்போதும் வீட்டு வாசலில் நேராக இறக்காமல் கோயில் கொட்டகையில் இறக்குங்கள், வீட்டுக்கு எப்போது நடப்பது என்பதை அவர் பார்த்துக்கொள்வார். சுவர் பிரிக்கும் நாளில் சத்தம் வரும் என்று அயல் முழுக்க முன்கூட்டியே சொல்லுங்கள். முதல் திருவிழாவில் வெடி வேண்டாம், அந்தச் சத்தத்தில் பதறுகிறவர்கள் பத்து வீட்டில் இருப்பார்கள்.

தூக்கம், சாப்பாடு இரண்டு வாரத்துக்கு மேல் கெட்டாலோ, சாவைப் பற்றிப் பேச்சு வந்தாலோ, யாராவது குடிக்குள் போனாலோ காத்திருக்காதீர்கள். இங்கே மனநல உதவி எண் 14416-க்கு அழைக்கலாம். அங்கே 1926, நேரில் என்றால் தெல்லிப்பழை ஆதார மருத்துவமனை மனநலப் பிரிவு.

எப்போது போவது என்றால், தை கடைசியில். அக்டோபர் முதல் டிசம்பர் வரை அங்கே மாரி, சுண்ணாம்பு இறுகாது. சித்திரைக்குப் பிறகு வெயில் பூச்சை உறிஞ்சி வெடிக்கவைக்கும். மாசி, பங்குனி இரண்டும் நல்ல மாதம், ஈரச் சாக்கு போர்த்தி ஏழு நாளாவது நனைக்க வேண்டும். காணி பாதுகாப்பானது என்ற தாள் கைக்கு வந்துவிட்டால், கண்ணாடித் துண்டுகளை இந்த மாரிக்கு முன்பே அங்கிருக்கும் உறவினரை விட்டு ஒட்டச் சொல்லுங்கள். தையில் நீங்கள் போய் இறங்கும்போது மூன்று சுவரில் எது நிற்கும் என்ற பதில் அதில் இருக்கும்.